ஸ்ரீவில்லிபுத்தூரில் கருடன்: வானத்து ஒளிப்பறவை கருவறைக்கு வந்த வரலாறு

கருடன், இந்தியப் புராண மரபில் பறவைகளின் அரசனாகவும் திருமாலின் ஊர்தியாகவும் கொடியாகவும் போற்றப்படும் வானுலக உயிர். தீயைப் போல ஒளிரும் உடலும், இறக்கையை அடித்தால் மலைகள் அசையும் வலிமையும் உடையதாக இதிகாசங்கள் இதனைக் காட்டுகின்றன. வைணவர்கள் கருடாழ்வார், பெரிய திருவடி, புள்ளரையன் என்று மரியாதையுடன் அழைக்கின்றனர்.

பெருமாள் கோயில்களில் கருடனைப் பொதுவாக மூன்று இடங்களில் காணலாம். கொடித்துணியில் ஓவியமாக மேலே பறப்பான். திருவிழாவில் வாகனமாகக் கீழே இருந்து பெருமாளைத் தாங்குவான். மற்ற நாட்களில் கருவறைக்கு எதிரே தனிச் சந்நிதியில் கைகூப்பி நிற்பான். விருதுநகர் மாவட்டம் ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயிலில் மட்டும் இவற்றுடன் நான்காவது இடம் ஒன்றும் அவனுக்கு உண்டு. அங்கே கருவறைக்குள், ரங்கமன்னாருக்கு ஒரு புறம் ஆண்டாளும் மறுபுறம் கருடனும் நிற்கின்றனர். மூவருக்கும் ஒரே பீடம். மேலும் கீழும் எதிரிலும் இருந்த பறவை இந்த ஊரில் அருகில் வந்து நின்றது எப்படி என்பதே இக்கட்டுரையின் பொருள்.

பெயரும் தொன்மையும்

கருடனைப் பற்றிய மிகப் பழைய சுவடுகள் ரிக் வேதத்தில் உள்ளன. அழகிய இறக்கைகளை உடையது என்ற பொருளில் 'சுபர்ணம்' என்றும், 'கருத்மான்' என்றும் வானத்துப் பறவை ஒன்று அங்கே பேசப்படுகிறது. இந்தப் பறவை கதிரவனோடு நெருங்கிய தொடர்புடையது. வானுலகிலிருந்து சோமத்தைக் கவர்ந்து வரும் பருந்து ஒன்றும் ரிக் வேதத்தில் உண்டு. பிற்காலத்தில் இவ்விரண்டும் இணைந்து, ஒளி மிக்கதும் அமுதம் கொண்டுவந்ததுமான ஒரே பறவையாகக் கருடன் உருவானதாக ஆய்வாளர் பலர் கருதுகின்றனர்.

பெயருக்கான காரணத்தை மகாபாரதம் வேறு விதமாகச் சொல்கிறது. பெரும் பாரத்தைச் சுமந்து பறந்ததால் முனிவர்கள் அவனுக்குக் கருடன் என்று பெயரிட்டார்களாம். பாரம் சுமப்பவன் என்ற இந்தப் பொருள் அவனுடைய பிற்கால வரலாறு முழுவதும் தொடர்ந்து வருகிறது.

முட்டையிலிருந்து எழுந்த தீ

கருடன் பிறந்த கதை மகாபாரதத்தின் ஆதி பருவத்தில் விரிவாக இடம்பெறுகிறது. காசியபரின் மனைவியரான கத்ரு, வினதை ஆகிய சகோதரிகளுக்கு வரம் கிடைக்கிறது. கத்ரு 1000 நாகங்களை மக்களாகக் கேட்கிறாள். வினதையோ அவர்களை விஞ்சும் இரண்டு பிள்ளைகள் போதும் என்கிறாள். 500 ஆண்டுகளுக்குப் பின் கத்ருவின் முட்டைகள் பொரிந்து நாகங்கள் வெளிவருகின்றன. பொறுமை இழந்த வினதை தன் முட்டைகளில் ஒன்றை உடைத்துப் பார்க்கிறாள். உள்ளே இருந்த அருணன் பாதி உடலே வளர்ந்த நிலையில் வெளிப்பட்டு, அவசரத்தால் தன்னைக் குறைப்படுத்திய தாய் 500 ஆண்டுகள் அடிமையாக இருக்கட்டும் என்று சபிக்கிறான். மற்ற முட்டையைப் பொறுமையாகக் காத்தால் அதிலிருந்து பிறப்பவன் அவளை விடுவிப்பான் என்று சாபத்துக்கு முடிவும் சொல்கிறான். பின்னர் அவன் கதிரவனின் தேர்ப்பாகன் ஆகிறான்.

சாபம் ஒரு பந்தயத்தின் வழியாகப் பலிக்கிறது. பாற்கடலில் தோன்றிய உச்சைசிரவம் என்ற குதிரை முழுவதும் வெள்ளை என்கிறாள் வினதை. வால் மட்டும் கறுப்பு என்கிறாள் கத்ரு. தோற்றவள் வென்றவளுக்கு அடிமை. கத்ரு தன் நாக மக்களைக் குதிரையின் வாலில் கரிய மயிர்களாகச் சென்று தொங்கச் செய்து வஞ்சகமாக வெல்கிறாள்.

இந்த நிலையில்தான் இரண்டாவது முட்டை தானாகவே உடைகிறது. அதிலிருந்து எழுந்த பறவை ஊழித் தீயைப் போல வானெங்கும் ஒளி பரப்புகிறது. தேவர்கள் நடுங்கி, அக்கினி தேவனே உலகை எரிக்கத் தொடங்கிவிட்டான் என்று எண்ணி அவனிடமே ஓடி முறையிடுகின்றனர். அது தான் அல்ல என்றும், தனக்கு நிகரான ஒளி உடைய கருடன் பிறந்திருக்கிறான் என்றும் அக்கினி விளக்குகிறான். தேவர்கள் துதிக்க, கருடன் தன் ஒளியையும் உருவத்தையும் சுருக்கிக்கொள்கிறான்.

அருணன் பாதி வளர்ந்தவன், விடியலின் செம்மை. கருடன் முழுதும் வளர்ந்தவன், பகலின் சுடர். காலை வானத்தின் இரு நிலைகளை இரு சகோதரர்களாக்கிச் சொல்லும் கதையாகவும் இதைப் படிக்க இடம் உண்டு.

விடுதலையும் வரங்களும்

ஒளியோடு பிறந்தாலும் கருடன் பிறக்கும்போதே அடிமையின் மகன். நாகங்களை முதுகில் சுமந்து திரிய வேண்டிய நிலை. ஏன் இப்படி என்று தாயைக் கேட்டு அறிந்தவன், விடுதலைக்கு என்ன விலை என்று நாகங்களிடம் கேட்கிறான். அமுதம் கொண்டு வா என்கின்றன அவை.

அமுதத்தைச் சுற்றிக் கூரிய விளிம்புகளுடன் சுழலும் இரும்புச் சக்கரமும், அதனருகே இரண்டு கொடிய நாகங்களும் காவல் இருந்தன. கருடன் தன் உருவைச் சிறிதாக்கி, சுழலும் ஆரங்களின் இடைவெளி வழியே புகுந்து அமுத கலசத்தை எடுத்து வருகிறான். அமுதம் கையில் இருந்தும் ஒரு துளிகூடச் சுவைக்கவில்லை. அந்தத் தன்னடக்கத்தைக் கண்டு மகிழ்ந்த திருமால் வரம் கேட்கச் சொல்கிறார். அமுதம் உண்ணாமலே சாவாமையும், திருமாலுக்கும் மேலான இடமும் வேண்டும் என்கிறான் கருடன். பெற்றுக்கொண்டபின், இப்போது நான் உமக்கு வரம் தருகிறேன், கேளும் என்கிறான். நீ எனக்கு ஊர்தியாக வேண்டும் என்கிறார் திருமால். மேலே இருக்க வேண்டும் என்ற கருடனின் வரத்தைக் கொடியில் அமர்த்தி நிறைவேற்றுகிறார். இவ்வாறு ஒரே பறவை மேலே கொடியாகவும் கீழே ஊர்தியாகவும் ஆனது.

இந்திரன் வச்சிரத்தை எறிகிறான். அந்த ஆயுதத்துக்கு மதிப்பளித்து ஒரே ஓர் இறகை மட்டும் உதிர்க்கிறான் கருடன். பின்னர் இருவரும் நண்பர்களாகின்றனர். கருடன் அமுதத்தைத் தருப்பைப் புல்லின் மேல் வைத்து நாகங்களிடம் ஒப்படைக்க, வினதையின் அடிமைத்தனம் அந்தக் கணமே தீர்கிறது. நாகங்கள் நீராடச் சென்ற நேரத்தில் இந்திரன் கலசத்தை மீட்டுச் செல்கிறான். ஏமாந்த நாகங்கள் புல்லை நக்க, நாக்குகள் இரண்டாகப் பிளந்தன என்பது கதை.

இக்கதையில் கருடன் இருமுறை பாரம் சுமக்கிறான். நாகங்களைச் சுமந்தது கட்டாயத்தால். திருமாலைச் சுமக்க ஒப்பியது தானே கொடுத்த வரத்தால். அடிமையாகச் சுமப்பதற்கும் விரும்பிச் சுமப்பதற்கும் உள்ள இந்த வேறுபாட்டை வைணவ உரைமரபு பின்னாளில் 'தொண்டு' என்ற சொல்லுக்குள் வைத்து விரிவாகப் பேசியது.

தூணிலும் காசிலும்

கருடக் கொடிக்குக் கிடைக்கும் பழைய கல்வெட்டுச் சான்றுகளில் முதன்மையானது மத்தியப் பிரதேசத்தில் விதிசாவுக்கு அருகே பெஸ்நகரில் உள்ள தூண். கி.மு. 2ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியைச் சேர்ந்தது. தட்சசீலத்திலிருந்து வந்த எலியோதோரஸ் என்ற கிரேக்கத் தூதர், வாசுதேவருக்காக இந்தக் கருடத் தூணை நிறுவியதாக அதிலுள்ள பிராமிக் கல்வெட்டு சொல்கிறது. அவர் அந்தியால்கிதஸ் என்ற கிரேக்க அரசரின் தூதர்.

குப்தப் பேரரசர்களின் பொற்காசுகளில் கருடன் அமர்ந்த கொடிக்கம்பம் பொறிக்கப்பட்டது. சமுத்திரகுப்தரின் அலகாபாத் தூண் கல்வெட்டு, மற்ற அரசர்கள் கருட முத்திரை பதித்த ஆணைகளை வேண்டிப் பெற்றதைக் குறிப்பிடுகிறது. கதையில் வானத்தில் பறந்தவன் வரலாற்றில் அரசாணையின் அடையாளமானான்.

தமிழ் நூல்களில் கருடன்

தமிழில் கருடனுக்குப் 'புள்' என்ற சொல்லே பழையது. பரிபாடலின் திருமால் பாடல்களில் அவருடைய பறவைக் கொடி போற்றப்படுகிறது. அங்கே வரும் 'சேவல்' என்ற சொல் கருடனைக் குறிப்பதாக உரையாசிரியர்கள் விளக்குவர். முருகனின் கோழிச் சேவலோடு இதைக் குழப்பிக்கொள்ளக் கூடாது.

கம்பராமாயணத்தின் யுத்த காண்டத்தில் கருடனுக்கு ஒரு முக்கியமான வருகை உண்டு. இந்திரசித்தனின் நாகபாசத்தால் இலக்குவனும் வானர சேனையும் கட்டுண்டு கிடக்க, இராமன் துயரில் தளர்கிறான். அப்போது இருளைக் கிழித்துக்கொண்டு வரும் ஒளியாகக் கருடன் வானிலிருந்து இறங்குகிறான். அவன் நெருங்கியதும் பாம்புக் கட்டுகள் அறுகின்றன. பின்னர் இதே போரில் பிரம்மாத்திரத்தால் வீழ்ந்தவர்களை எழுப்ப அனுமன் மருத்து மலையைப் பெயர்த்துக்கொண்டு பறந்து வருகிறான். திருமாலைத் தாங்கியதால் கருடன் பெரிய திருவடி. இராமனைத் தாங்கியதால் அனுமன் சிறிய திருவடி. வைணவ வழக்கில் இப்பெயர்கள் இன்றும் உள்ளன.

பாண்டியன் அவையும் வானில் வந்த காட்சியும்

கருடனின் வரலாறு ஸ்ரீவில்லிபுத்தூரோடு இணைவது பெரியாழ்வார் வழியாக. விஷ்ணுசித்தர் என்ற இயற்பெயர் கொண்ட இவர், வடபத்திரசாயி பெருமாளுக்கு நந்தவனம் அமைத்துப் பூமாலை கட்டித் தரும் தொண்டைச் செய்தவர். இவர் காலம் கி.பி. 8 அல்லது 9ஆம் நூற்றாண்டு எனப் பெரும்பாலும் கருதப்படுகிறது. ஆனி மாதம் சுவாதி நட்சத்திரம் இவருடைய பிறந்தநாள். கருடனுக்கும் சுவாதியே நட்சத்திரம் என்பது வைணவ வழக்கு. பெரியாழ்வாரைக் கருடனின் அம்சமாகக் கொள்ளும் நம்பிக்கை நெடுங்காலமாக வேரூன்றியுள்ளது.

மதுரையில் ஸ்ரீவல்லபதேவன் என்ற பாண்டிய மன்னன் அவையில் பரம்பொருள் யார் என்ற வாதம் நடந்ததாகவும், விஷ்ணுசித்தர் வென்று பொற்கிழி பெற்றதாகவும் குருபரம்பரை நூல்கள் சொல்கின்றன. மன்னன் அவரை யானை மேல் அமர்த்தி நகர்வலம் வரச் செய்தான். அந்தக் கோலத்தைக் காணத் திருமால் கருடன் மேல் ஏறி வானத்தில் தோன்றினார். கடவுளைக் கண்டவர் பொதுவாகத் தனக்கு வரம் கேட்பார். விஷ்ணுசித்தரோ, இத்தனை அழகோடு எல்லாரும் பார்க்க வெளியே வந்துவிட்டாரே, கண்ணேறு பட்டுவிடுமோ என்று அஞ்சி, யானையின் மணிகளையே தாளமாகக் கொண்டு கடவுளுக்கே வாழ்த்துப் பாடினார். அதுவே திருப்பல்லாண்டு. நாலாயிரத் திவ்வியப் பிரபந்தத்தின் முதலில் வைக்கப்பட்டிருக்கும் 12 பாசுரங்கள் இவை. நாகத்தின் பகைவனைக் கொடியில் உடையவன் என்று திருமாலைச் சொல்லும் இடமும் அவற்றில் உண்டு.

இந்தக் கதையில் இரண்டு கருடர்கள் இருப்பதைக் கவனிக்கலாம். வானில் பெருமாளைத் தாங்கி நிற்பவன் ஒருவன். தரையில் யானை மேல் அமர்ந்து, தாய் தன் பிள்ளைக்குக் கண்ணேறு கழிப்பது போலப் பதறுகிற அவன் அம்சம் இன்னொருவர்.

மகளைக் கொடுத்த தந்தை

பெரியாழ்வார் துளசித் தோட்டத்தில் கண்டெடுத்து வளர்த்த மகள் கோதை. பெருமாளுக்கு என்று கட்டிய மாலையைத் தான் சூடிப் பார்த்துக் கொடுத்ததால் சூடிக்கொடுத்த நாச்சியார் ஆனவள். ஆடிப்பூரம் அவள் பிறந்தநாள். திருப்பாவை 30 பாசுரங்களும் நாச்சியார் திருமொழி 143 பாசுரங்களும் ஆண்டாள் பாடியவை.

இரண்டிலும் கருடன் வருகிறான். திருப்பாவையில் விடியற்காலை தோழியை எழுப்பும்போது, பறவைகள் கூவிவிட்டன, புள்ளரையனின் தலைவன் கோயிலில் சங்கு ஊதிவிட்டார்கள், கேட்கவில்லையா என்று கேட்கிறாள். கோயிலுக்கு அடையாளமாக அவள் சொல்வது பறவை அரசனின் பெயரை. நாச்சியார் திருமொழியின் கடைசிப் பத்தில் இன்னும் நுட்பமான ஓர் இடம் உண்டு. பிருந்தாவனத்தில் கண்ணன் நடந்து வருகிறான். வெயில் அவன் மேல் படாதபடி வினதையின் மகன் தன் சிறகை மேற்கட்டியாக விரித்து மேலே பறந்து வருகிறான். தேவர்களை நடுங்க வைத்த தீப்பறவை ஆண்டாளின் பாட்டில் நிழல் தரும் பறவையாகிவிட்டது. வினதையின் மகன் என்று தாயின் பெயரால் அவனை அழைப்பதும் கருத்துக்குரியது.

ஆண்டாளின் முடிவு பற்றிய வழக்குகள் இரண்டு. குருபரம்பரை நூல்களின்படி, அரங்கனையே மணப்பேன் என்று உறுதிகொண்ட கோதையைப் பெரியாழ்வார் திருவரங்கத்துக்கு அழைத்துச் செல்கிறார். அவள் கருவறையில் நுழைந்து அரங்கனோடு கலந்துவிடுகிறாள். தந்தை தனியே ஊர் திரும்புகிறார். பெரியாழ்வார் திருமொழியில், ஒரே மகளைத் திருமால் அழைத்துச் சென்றுவிட்டான், மாமியார் வீட்டில் அவளை எப்படி நடத்துகிறார்களோ என்று தாய் ஒருத்தி புலம்பும் பதிகம் இருக்கிறது. அதைப் பெரியாழ்வாரின் சொந்தத் துயராகப் படிக்கும் வழக்கம் உண்டு.

ஸ்ரீவில்லிபுத்தூர் ஊர்வழக்கு வேறு. மகளை அங்கே அனுப்புவதற்குப் பதிலாக மாப்பிள்ளை இங்கே வர வேண்டும் என்று பெரியாழ்வார் வேண்டினார் என்றும், பங்குனி உத்திரத்தன்று இந்த ஊரிலேயே திருமணம் நடந்தது என்றும் அது சொல்கிறது. திருவரங்கத்திலிருந்து பெருமாளை முகூர்த்தத்துக்குத் தவறாமல் விரைந்து கொண்டுவந்து சேர்த்தவன் கருடன். பங்குனி உத்திரத்தில் ஆண்டாள் திருக்கல்யாணம் இன்றும் இங்கே பெருவிழாவாக நடைபெறுகிறது.

ஒரே பீடம்

கருடன் ரங்கமன்னாருக்கு அருகில் நிற்பதற்குக் காரணம் கேட்டால் ஊரில் இரண்டு விடைகள் கிடைக்கும். மாப்பிள்ளையை நேரத்துக்குக் கொண்டுவந்ததற்கான நன்றியாகப் பெருமாள் அளித்த இடம் என்பது ஒன்று. பெரியாழ்வார் கருடனின் அம்சம், ஆகவே அங்கே நிற்பது பெண்ணின் தந்தை, மாமனாருக்கு உரிய மரியாதையே அந்த இடம் என்பது மற்றொன்று.

இரண்டு விடைகளும் ஒன்றை ஒன்று மறுக்கவில்லை. முதல் விடையில் கருடன் தொண்டன். இரண்டாவதில் அவன் உறவினன். ஊர்தியாக இருப்பவன் எத்தனை உயர்ந்தவனானாலும் தலைவனுக்குக் கீழேதான். ஆனால் கல்யாண வீட்டில் பெண்ணைப் பெற்றவருக்குத் தனி இடம் உண்டு. மாப்பிள்ளை மன்னரே ஆனாலும் மாமனாரை எட்ட நிறுத்த முடியாது. மணமேடையின் இந்த உறவுமுறையைக் கருவறைக்குள் கொண்டுவந்ததுதான் ஸ்ரீவில்லிபுத்தூர் செய்த புதுமை.

மகளை அரங்கனிடம் விட்டுவிட்டு வெறுங்கையோடு திரும்பிய தந்தையின் கதையோடு சேர்த்துப் பார்த்தால் இந்த அமைப்பின் பொருள் இன்னும் தெளிவாகும். ஏட்டில் உள்ள வழக்கில் மகள் மறைகிறாள், தந்தை தனித்துப் போகிறார். கோயிலில் மகள், மருமகன், தந்தை மூவரும் பிரியாமல் ஒன்றாக நிற்கின்றனர். தாயின் அடிமைத்தனத்தைத் தீர்க்கப் பிறந்த பறவைக்கு, மகளைப் பிரியாத தந்தை என்ற பாத்திரம் இங்கே கிடைத்தது. இரண்டிலும் அவனை இயக்குவது குடும்பப் பாசம்.

ஐந்து கருட சேவை

ஆடிப்பூரத் திருவிழாவின் ஐந்தாம் நாள் இரவு ஸ்ரீவில்லிபுத்தூரில் ஐந்து கருட சேவை நடைபெறும். வடபத்திரசாயியான பெரிய பெருமாள், ரங்கமன்னார், காட்டழகர் எனப்படும் சுந்தரராஜப் பெருமாள், ஊருக்கு அருகிலுள்ள திருவண்ணாமலை என்ற குன்றின் சீனிவாசப் பெருமாள், சிவகாசிக்குப் பக்கத்திலுள்ள திருத்தங்கல் அப்பன் ஆகிய ஐவரும் கருட வாகனங்களில் எழுந்தருள்வர். ஆண்டாள் பெரிய அன்ன வாகனத்திலும் பெரியாழ்வார் சிறிய அன்ன வாகனத்திலும் வருவர்.

இந்த ஐவரில் காட்டழகர் வருவது மேற்குத் தொடர்ச்சி மலைக் காட்டிலிருந்து. அவர் கோயில் உள்ள செண்பகத்தோப்புப் பகுதி, 1988இல் அறிவிக்கப்பட்ட சாம்பல் நிற அணில் சரணாலயத்தைச் சேர்ந்தது. 2021இல் இது ஸ்ரீவில்லிபுத்தூர் - மேகமலை புலிகள் காப்பகத்தில் இணைந்தது. மலை, குன்று, ஊர் என்று சுற்றுவட்டாரத்தின் பெருமாள்கள் எல்லாரும் மகளின் பிறந்தநாளுக்கு வந்து கூடும் உறவினர்களைப் போல இந்த இரவில் ஒன்றுசேர்கின்றனர்.

கருட சேவை தமிழகத்தின் பல ஊர்களில் புகழ்பெற்றது. சீர்காழிக்கு அருகே திருநாங்கூரில் தை அமாவாசைக்கு மறுநாள் 11 கருட சேவை நடக்கும். ஆழ்வார்திருநகரியில் வைகாசியில் 9 கருட சேவை. கும்பகோணத்துக்கு அருகே நாச்சியார்கோயிலில் கல் கருடன் உண்டு. சந்நிதியிலிருந்து புறப்படும்போது 4 பேர் தூக்கும் இந்தக் கருடன், வெளியே வர வர 8, 16, 32, 64 பேர் என்று சுமப்போரைக் கூட்டிக்கொண்டே போகும் என்பது பக்தர் அனுபவம். பாரம் சுமப்பவன் என்று பெயர் பெற்றவனைச் சுமப்பதற்கு இத்தனை தோள்கள் வேண்டியிருக்கின்றன. இந்த ஊர்களில் எல்லாம் கருடனின் வலிமையும் எண்ணிக்கையும் முன்னிற்கின்றன. ஸ்ரீவில்லிபுத்தூரில் உறவு முன்னிற்கிறது.

ராஜபாளையமும் தெலுங்கு வழியும்

ஸ்ரீவில்லிபுத்தூருக்குத் தெற்கே சுமார் 12 கிலோமீட்டர் தொலைவில் ராஜபாளையம் உள்ளது. ஆந்திரப் பகுதியிலிருந்து வந்து குடியேறிய, தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்ட ராஜுக்கள் வளர்த்த ஊர் இது. சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக 1949 முதல் 1952 வரை இருந்த பூ. ச. குமாரசுவாமி ராஜா இந்த ஊரைச் சேர்ந்தவர்.

ஆண்டாள், பெரியாழ்வார் கதை தெலுங்கில் பெருங்காப்பியமாகவும் உள்ளது. விஜயநகரப் பேரரசர் கிருஷ்ணதேவராயர் (ஆட்சி 1509-1529) இயற்றிய ஆமுக்த மால்யத, ஸ்ரீவில்லிபுத்தூரைக் களமாகக் கொண்டு விஷ்ணுசித்தரின் வாழ்வையும் கோதையின் திருமணத்தையும் பாடுகிறது. சூடிக் களைந்த மாலையைத் தந்தவள் என்பது தலைப்பின் பொருள். தெலுங்கில் கருடனைக் 'கருத்மந்துடு' என்றும் அழைப்பர். ரிக் வேதத்தின் பழைய கருத்மான் என்ற பெயர் அந்தச் சொல்லில் இன்னும் வாழ்கிறது. தமிழ்ப் 'புள்'ளும் தெலுங்குக் 'கருத்மந்துடு'வும் அருகருகே புழங்கும் வட்டாரம் இது.

ராஜபாளையத்தை ஒட்டிய சஞ்சீவி மலைக்கும் வானத்துப் பயணக் கதை ஒன்று உண்டு. அனுமன் மருந்து மலையைத் தூக்கிச் சென்றபோது அதிலிருந்து விழுந்த துண்டே இந்தக் குன்று என்பது ஊர் நம்பிக்கை. கருடன் பாம்புக் கட்டை அறுத்த அதே போரின் அடுத்த பகுதி அது. ஓர் ஊரில் சிறிய திருவடி தவறவிட்ட மலை. அடுத்த ஊரில் பெரிய திருவடி வந்து நின்ற கருவறை. இராமாயண, பிரபந்த உலகங்களை மக்கள் தங்கள் நிலத்தின் மேல் எப்படி விரித்துக்கொண்டார்கள் என்பதற்கு இவ்விரு ஊர்களும் நல்ல எடுத்துக்காட்டுகள்.

கண்ணுக்குத் தெரியும் கருடன்

மக்கள் வழக்கில் கருடன் என்பது செம்பருந்து. தலையும் மார்பும் வெண்மையாகவும் உடலும் இறக்கைகளும் செம்பழுப்பாகவும் இருக்கும் இந்தப் பறவை நீர்நிலைகளை ஒட்டி வாழும். மீன், நண்டு, சிறு உயிர்கள், இறந்த விலங்குகள் இதன் உணவு. வெயிலில் சூடேறி மேலெழும் காற்றில் இறக்கையை அசைக்காமலே வட்டமிடும். அப்போது செம்பழுப்பு இறக்கை ஒளியில் செம்பொன்னாகத் தெரியும். ஒளிரும் பறவை என்ற எண்ணத்துக்கு இந்தக் காட்சி ஓரளவு காரணமாக இருந்திருக்கலாம்.

குடமுழுக்கின்போது கோபுரத்தின் மேல் கருடன் வட்டமிட்டால் அதை இறைவனின் ஒப்புதலாகக் கொள்வர். நீர் ஊற்றும் நேரத்தில் கூட்டம் கலசத்தைப் பார்ப்பதோடு வானத்தையும் தேடும். தெருவில் போகிறவர்கள் கருடனைக் கண்டால் கன்னத்தில் போட்டுக்கொள்வதும் உண்டு. ஸ்ரீவில்லிபுத்தூரில் வடபத்திரசாயி கோயிலின் 11 நிலை ராஜகோபுரம் 192 அடி உயரம் உடையது.

வீட்டு வாசல்களிலும் கருடன் உண்டு. ஆகாச கருடன் கிழங்கு என்ற கொடிக்கிழங்கைக் கயிற்றில் கட்டி வாசலில் தொங்கவிடுவர். மண்ணும் நீரும் இல்லாமலே அது தளிர் விடுவதால் ஆகாயத்தின் பெயர் அதற்கு அமைந்தது. கண்ணேறும் பாம்பும் அண்டாது என்பது நம்பிக்கை. பாம்புக் கடிக்கு நஞ்சு முறிவு மருந்துள்ள மருத்துவமனையே வழி என்பதை இதனோடு சேர்த்து நினைவில் கொள்ள வேண்டும்.

கடல் கடந்த கருடன்

பாம்புக்கும் பறவைக்கும் உள்ள பகை இந்தியாவுக்கு மட்டும் உரியதல்ல. பண்டைய மெசப்பொத்தேமியாவின் எத்தானா கதையிலும் கழுகும் பாம்பும் பகைவர். அந்தக் கழுகு அரசனை வானுலகுக்குச் சுமந்து செல்கிறது. கருடன் தென்கிழக்காசியாவுக்கும் பரவினான். தாய்லாந்தின் அரசுச் சின்னம் கருடன். மங்கோலியத் தலைநகர் உலான் பத்தூரின் சின்னத்திலும் கருடன் உண்டு. இந்தோனேசியா 1950இல் கருடனைத் தேசியச் சின்னமாக ஏற்றது. அதன் ஒவ்வொரு சிறகிலும் 17, வாலில் 8, வாலின் அடியில் 19, கழுத்தில் 45 என இறகுகள் அமைந்து, விடுதலை அறிவித்த 17-8-1945 என்ற நாளைக் குறிக்கின்றன. தாயை விடுவித்த பறவை ஒரு நாட்டின் விடுதலைக்கு அடையாளமானது பொருத்தமே.

முடிவுரை

நாடுகளுக்கும் பேரரசுகளுக்கும் கருடன் ஆற்றலின் சின்னம். அங்கெல்லாம் அவன் விரித்த இறக்கையோடு இருக்கிறான். ஸ்ரீவில்லிபுத்தூர் கருவறையில் அவன் பறக்கவில்லை, எதையும் சுமக்கவும் இல்லை. தேவர்களுக்காக ஒருமுறை தன் ஒளியைச் சுருக்கிக்கொண்டவன், இங்கே மகளுக்கும் மருமகனுக்கும் பக்கத்தில் வீட்டுப் பெரியவராக நிற்கிறான். வேதத்தில் தொடங்கி இதிகாசம், கல்வெட்டு, பாசுரம் என்று நீண்ட இந்தப் பறவையின் பயணத்தில், அதிகாரத்தின் அடையாளத்தை உறவின் அடையாளமாக மாற்றியது தென்பாண்டி நாட்டின் இந்தச் சிற்றூர். ஆடிப்பூரத்துக்கும் பங்குனி உத்திரத்துக்கும் இங்கே வருவோர் அந்த மூவரையும் ஒன்றாகவே வணங்கித் திரும்புகின்றனர்.